ராட்சத ராஜாளியைக் கொன்றது யார்?

வானத்திலே ஒரு நிழல் வட்டமிடுகிறது. தாய்க்கோழி குரலை மாற்றிக் கூப்பிடுகிறது. குஞ்சுகள் ஓடிவந்து அதன் இறக்கைக்குள் புகுந்துகொள்கின்றன. வீட்டுக்காரி துடைப்பத்தோடு வாசலுக்கு வந்து, "சூ! சூ!" என்று வானத்தைப் பார்த்துக் கத்துகிறாள்.

திருவள்ளூருக்குப் பக்கத்தில் உள்ள திருப்பாச்சூரில் இது அடிக்கடி நடக்கிற காரியம்தான். பருந்து என்றால் குஞ்சு திருடன். அதற்கு உள்ள மரியாதை அவ்வளவே.

அந்தத் திருடனின் எடை எவ்வளவு? முக்கால் கிலோ இருக்கும்.

இருபது பருந்துகளைச் சேர்த்துக் கட்டினால் என்ன எடை வருமோ, அந்த எடையில் ஒரே பறவை இருந்தால் எப்படி இருக்கும்? அப்படி ஒரு பறவை இருந்தது! அது ஒரு ராஜாளி. அதன் பெட்டை 15 கிலோ வரை எடை இருந்தது. அது கோழிக்குஞ்சைத் தேடி வரவில்லை. 200 கிலோ எடையுள்ள பறவையை அடித்து வீழ்த்தியது!

யாரோ சொன்ன கதை என்று தள்ளிவிட வேண்டாம். சாட்சி இருக்கிறது. எலும்புதான் சாட்சி.

சேற்றில் கிடைத்த நகம்

ஆஸ்திரேலியாவுக்குக் கிழக்கே, கடல் நடுவில் இருக்கிறது நியூசிலாந்து நாடு. பெரிய தீவுகள் இரண்டு. தென் தீவில் கிளென்மார்க் என்று ஒரு பெரிய ஆட்டுப் பண்ணை இருந்தது. அதன் முதலாளி ஜார்ஜ் மூர். அவருடைய நிலத்தில் ஒரு சதுப்பு. அதைத் தோண்டியபோது, கிழங்கு தோண்டியது போல எலும்பு வந்துகொண்டே இருந்தது.

பெரும்பாலும் 'மோவா' என்ற பறவையின் எலும்பு. மோவா பார்வைக்குத் தீக்கோழி ஜாதி. பறக்காது. பறப்பது கிடக்கட்டும், இறக்கை என்பதே அதற்குக் கிடையாது! பெரிய ஜாதி மோவாவின் பெட்டை 200 கிலோவுக்கு மேல் இருந்தது. கழுத்தை நிமிர்த்தினால் ஓட்டு வீட்டின் கூரையை எட்டிப் பார்க்கும். ஆண் பறவை அதில் பாதி எடைகூட இல்லை. முட்டையின் மேல் உட்கார்ந்து அடைகாத்ததும் பெரும்பாலும் அந்தச் சின்ன ஆண்தான் என்று ஆராய்ச்சிக்காரர்கள் சொல்கிறார்கள். பாவம், மோவா வீட்டு எஜமானர்!

கிறைஸ்ட்சர்ச் நகரத்து மியூசியத்தின் தலைவராக இருந்தவர் ஜூலியஸ் ஹாஸ்ட். ஜெர்மனியில் பிறந்தவர். மண்ணையும் பாறையையும் ஆராய்வது அவர் தொழில். 1871ஆம் ஆண்டு, அவருடைய மியூசியத்தில் வேலை பார்த்த ஃபிரெடரிக் ஃபுல்லர் என்பவர் அந்தச் சேற்றில் மோவா எலும்புகளுக்கு நடுவே வேறு மாதிரியான எலும்புகளைக் கண்டார். நகமும் கிடைத்தது. இந்த ஜாதியின் பெரிய நகம் 9 முதல் 11 சென்டிமீட்டர் நீளம். புலி நகத்தோடு ஒப்பிடுகிறார்கள்!

ஹாஸ்ட் அந்தப் பறவைக்கு ஒரு பெயர் வைத்தார். பண்ணை முதலாளி மூரின் பெயரையும் அதில் சேர்த்தார். ஆனால் ஜனங்கள் வாயில் நின்றது 'ஹாஸ்ட் ராஜாளி' என்ற பெயர்தான்.

சேற்றுக்குள் அது எப்படிப் போயிற்று? நம் ஊர் ஏரி வற்றும்போது சேற்றில் எருமை மாட்டிக்கொள்வது இல்லையா? அது போல மோவா மாட்டிக்கொண்டது. மாட்டிக்கொண்டதைத் தின்ன ராஜாளி இறங்கியது. இறங்கியவற்றில் சில திரும்பவில்லை. சேற்றுக்குள் காற்று புகாது. அதனால் எலும்பு கெடாமல் கிடந்தது. இப்படி மண்ணுக்குள் நெடுங்காலம் கிடந்து வெளியே வரும் எலும்பையும் ஓட்டையும் சுவட்டையும் 'புதைபடிவம்' என்று படித்தவர்கள் சொல்கிறார்கள்.

அது கொலைகாரனா, பிணம் தின்னியா?

இதைப் பற்றி நெடுநாள் வாதம் நடந்தது. "மண்டை ஓட்டைப் பார்த்தால் பிணந்தின்னிக் கழுகு மாதிரி இருக்கிறது. செத்ததைத் தின்று பிழைத்த பறவை இது" என்றது ஒரு கட்சி. "காலையும் நகத்தையும் பாருங்கள். இது வேட்டைக்காரன்" என்றது இன்னொரு கட்சி.

மோவாவின் இடுப்பு எலும்புதான் தீர்ப்புக்கு வழி சொன்னது. அதிலே ஓட்டைகள் இருந்தன. கனமான எலும்பைத் துளைத்துக்கொண்டு நகம் உள்ளே போன ஓட்டைகள்! பக்கவாட்டில் பாய்ந்து, ஒரு காலால் இடுப்பைக் கவ்விப் பிடித்து, இன்னொரு காலால் கழுத்தையோ தலையையோ தாக்கியிருக்கும் என்று நிபுணர்கள் கணக்குப் போட்டார்கள்.

2021ஆம் ஆண்டு வெளிவந்த ஆராய்ச்சி இரண்டு கட்சியையும் சமாதானம் செய்துவைத்தது. அது கொன்றது ராஜாளியைப் போல. தின்றது பிணந்தின்னிக் கழுகைப் போல. அதாவது, இரையைக் கொன்றபிறகு தலையை உள்ளே நுழைத்து ஈரலையும் குடலையும் தின்றது. அந்தத் தீவில் ஒரு குகைச் சுவரில் மாவோரி மக்கள் பழங்காலத்தில் வரைந்த பெரிய பறவைப் படம் இருக்கிறது. உடம்பு கறுப்பு. தலைக்கு மட்டும் வண்ணம் பூசவில்லை. அந்த ராஜாளியின் தலை கழுகுத் தலை போல மொட்டையாக இருந்திருக்கலாம் என்று சொல்ல அதையும் துணைக்கு அழைத்துக்கொண்டார்கள்.

இதைவிட ஆச்சரியமான சங்கதி 2005ஆம் ஆண்டு வெளியாயிற்று. பழைய எலும்பிலிருந்து மரபணுவைப் பிரித்து எடுத்து, இந்த ராட்சதனுக்குச் சொந்தக்காரர் யார் என்று பார்த்தார்கள். பெரிய பெரிய ராஜாளிகள் யாரும் உறவு இல்லை! ஒரு கிலோவை ஒட்டிய எடையுள்ள இரண்டு குட்டி ராஜாளிகள்தான் நெருங்கிய சொந்தம். ஒன்று ஆஸ்திரேலியாவில் இருக்கிறது. இன்னொன்று ஐரோப்பாவிலும் ஆசியாவிலும் இருக்கிறது. அதன் கால், விரல் தொடங்கும் இடம் வரை இறகு மூடி, காலுறை போட்டது போல இருக்கும். குளிர்காலத்தில் அது தமிழ்நாட்டுக்கும் வருகிறது. மார்கழி, தை மாதங்களில் திருவள்ளூர்ப் பக்கத்தில் அண்ணாந்து பார்க்கிறவர் கண்ணில் படவும் கூடும். திருப்பாச்சூர் வீட்டுக்காரி துடைப்பத்தை ஓங்கும்போது, மேலே பறப்பது அந்த ராட்சதனின் சின்னம்மா மகனாகக்கூட இருக்கலாம்!

குட்டிப் பறவை ராட்சதனானது எப்படி? நியூசிலாந்தில் புலி இல்லை, நரி இல்லை, நாய் இல்லை. வௌவாலைத் தவிர, பாலூட்டும் தரைப் பிராணி எதுவுமே இல்லை. நாலு கால் வேட்டைக்காரன் இல்லாத காட்டில் மோவா கூட்டம் கூட்டமாக மேய்ந்தது. சாப்பாடு ஏராளம். போட்டி கிடையாது. பத்து, இருபது லட்சம் ஆண்டு காலத்தில் உடம்பு பத்து, பதினைந்து மடங்கு பெருத்தது.

சாப்பாடு போயிற்று, உயிரும் போயிற்று

ஏறத்தாழ 700 ஆண்டுகளுக்கு முன்பு, மாவோரி மக்கள் படகில் வந்து அந்தத் தீவுகளில் குடியேறினார்கள். அவர்களுக்கும் மோவாவின் மாமிசம் பிடித்திருந்தது. மோவாவைக் கொன்றார்கள். முட்டையைத் தின்றார்கள். காட்டுக்குத் தீ வைத்தார்கள். சுமார் 150 ஆண்டுக்குள் மோவா ஒன்றுகூட மிஞ்சவில்லை.

ராஜாளி என்ன செய்யும்? அந்தக் கனத்த உடம்பை வைத்துக்கொண்டு எலியும் ஓணானும் பிடித்துப் பிழைக்க முடியுமா? அதுவும் போய்ச் சேர்ந்தது.

ராஜாளியை வேட்டையாடி அழிக்க அவசியமே இருக்கவில்லை. அதன் தட்டைப் பறித்துக்கொண்டதே போதுமானதாக இருந்தது.

ஆஸ்திரேலியாவில் கிடைத்த எலும்புகளும் ஏறக்குறைய இதே சங்கதியைச் சொல்கின்றன. தென் ஆஸ்திரேலியாவில் ஒரு குகைக்குள் 1956லும் 1969லும் சில பெரிய எலும்புகள் கிடைத்தன. பத்திரமாக எடுத்து வைத்தார்கள். பல ஆண்டு கழித்து ஆராய்ச்சிக்காரர்கள் அதே குகைக்குள் மறுபடி இறங்கி, இன்னும் பல எலும்புகளைத் தேடி எடுத்தார்கள். எல்லாவற்றையும் சேர்த்துப் பார்த்ததில், இறக்கையை விரித்தால் 3 மீட்டர் அகலம் இருந்த ஒரு ராஜாளி என்று தெரிந்தது. 2023ஆம் ஆண்டு அதற்குப் பெயர் சூட்டினார்கள். இன்னொரு எலும்பை 1905ஆம் ஆண்டிலேயே ராஜாளி எலும்பு என்று எழுதி வைத்திருந்தார்கள். நூறு ஆண்டுக்கு மேல் அந்தப் பெயரோடு கிடந்தது. 2022ஆம் ஆண்டு எடுத்துப் பார்த்தால், அது ராஜாளி இல்லை, பிணந்தின்னிக் கழுகு! இன்றைக்கு ஆஸ்திரேலியாவில் பிணந்தின்னிக் கழுகு ஒன்றுகூடக் கிடையாது. அங்கே ஒரு காலத்தில் ராட்சத மிருகங்கள் இருந்தன. அவை அழிந்தபோது, அவற்றின் பிணத்தை நம்பி இருந்த கழுகும் அழிந்தது.

உயரத்தில் பறப்பதால் இந்தப் பறவைகளுக்குப் பலம் அதிகம் என்று நினைக்கிறோம். அது தப்புக் கணக்கு. தரையில் நடக்கிற எல்லாக் கோளாறும் கடைசியில் அவற்றின் தலையில்தான் விடிகிறது.

செம்மண் காட்டிக் கொடுக்காது

திருவள்ளூர்ப் பக்கத்திலும் பழைய காலத்துச் சாட்சிகள் உண்டு. திருப்பாச்சூரிலிருந்து சில மைல் போனால் பூண்டி ஏரி. அதையும் தாண்டி, கொசஸ்தலை ஆற்றுப் படுகையில் அத்திரம்பாக்கம். 1863ஆம் ஆண்டு ராபர்ட் புரூஸ் ஃபுட், வில்லியம் கிங் என்ற இரண்டு வெள்ளைக்காரர்கள் அங்கே ஆதி மனிதன் செதுக்கிய கல் ஆயுதங்களைக் கண்டார்கள். பிறகு 1999 முதல் சாந்தி பப்பு என்ற அம்மையாரும் அவருடைய கூட்டத்தாரும் தோண்டி ஆராய்ந்தார்கள். அந்த ஆயுதங்களில் மிகப் பழையவை 15 லட்சம் ஆண்டுக்கு முற்பட்டவை என்று 2011ல் அறிவித்தார்கள். உலகமே திரும்பிப் பார்த்தது. பூண்டியில் மியூசியமும் இருக்கிறது. மெட்ராசிலிருந்து ஏரியைப் பார்க்க வந்து, தூண்டில்காரரிடம் மீன் வாங்கிக்கொண்டு திரும்புகிறவர்களில் எத்தனை பேர் அந்த மியூசியத்தின் வாசலை மிதித்தார்களோ!

ஆனால் அந்த மண் கல்லைக் காப்பாற்றிய அளவுக்கு எலும்பைக் காப்பாற்றவில்லை. பிராணிகளின் பற்கள் சில கிடைத்தன. பறவை எலும்பு உள்ளே பொந்தாக, காகிதம் போல மெலிதாக இருக்கும். மழையும் வெயிலும் மாறி மாறி அடிக்கிற செம்மண்ணில் அது கரைந்து போகும். சேறும் சுண்ணாம்புக் குகையும் செய்கிற உபகாரத்தைச் செம்மண் செய்யாது.

ஆகவே, இங்கே ஒரு பறவை ஜாதி அழிந்தால், பின்னால் வருகிறவர்களுக்குச் சாட்சி சொல்ல எலும்புகூட மிஞ்சாது. பயமுறுத்துவதற்காகச் சொல்வது அல்ல. நம் காலத்திலேயே இது நடந்திருக்கிறது.

ஆயிரத்தில் ஒன்று

இப்போது ஐம்பது, அறுபது வயது ஆனவர்களைக் கேட்டுப் பாருங்கள். ஊருக்கு வெளியே மாடு செத்தால், கழுகுகள் கூட்டமாக இறங்கிய காட்சியைச் சொல்வார்கள். ஒரு முழு மாட்டை எலும்புக்கூடாக ஆக்கிவிட்டுப் பறந்து போகும்.

இந்தியாவில் முதுகு வெள்ளையான கழுகு ஜாதி ஒன்று லட்சக்கணக்கில் இருந்தது. 1992ல் ஆயிரம் இருந்த இடத்தில், 2007ல் ஒன்றுதான் மிஞ்சியது! மோவாவை நம்பிய ராஜாளி அழியவே நூறு ஆண்டுக்கு மேல் பிடித்தது. இங்கே பதினைந்தே ஆண்டு!

இங்கே சாப்பாடு தீர்ந்து போகவில்லை. சாப்பாடே விஷமாகிவிட்டது.

மாட்டுக்குக் காய்ச்சல், வீக்கம், வலி என்றால் 'டைக்ளோஃபெனாக்' என்ற மருந்தை ஊசியில் ஏற்றினார்கள். மாட்டுக்கு வலி குறைந்தது. வாஸ்தவம். ஆனால் ஊசி போட்ட மாடு இரண்டொரு நாளில் செத்து, அதைக் கழுகு தின்றால், கழுகின் சிறுநீரகம் கெட்டுப் போகும். உடம்புக்குள் வெள்ளை வெள்ளையாக உப்புப் பூக்கும். தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டு கிளையில் உட்கார்ந்திருக்கும். சில நாளில் கீழே விழும். பாகிஸ்தானில் செத்து விழுந்த கழுகுகளை அறுத்துப் பார்த்த ஆராய்ச்சிக்காரர்கள் 2004ல் இந்த உண்மையைக் கண்டுபிடித்தார்கள். செத்த மாடுகளில் நூற்றுக்கு ஒன்றில்கூட இந்த மருந்து இருக்க வேண்டியதில்லை. அதற்கும் குறைவாக இருந்தாலே கழுகுக் கூட்டம் சரிந்துவிடும் என்று கணக்கிட்டார்கள். ஒரு பிணத்தில் பத்து, இருபது கழுகுகள் பந்தியில் உட்காருகின்றன அல்லவா? மேலும், கழுகு ஆண்டுக்கு ஒரே முட்டைதான் இடும். போனதை ஈடு செய்ய முடியாது.

2006ல் மாட்டுக்கு இந்த மருந்தைக் கொடுக்கக் கூடாது என்று இந்திய அரசாங்கம் தடை போட்டது. உடனே தந்திரம் பிறந்தது! மனிதருக்கு ஒரு தடவைக்கு 3 மில்லி போதும். ஆனால் மனிதருக்கு என்று சொல்லிக்கொண்டு 30 மில்லி புட்டி கடையில் விற்றது. அது எந்த மனிதருக்கு? நாலு கால் மனிதருக்கு! 2015ல் அந்தப் பெரிய புட்டியையும் அரசாங்கம் நிறுத்தியது. மருந்து கம்பெனிகள் தரப்பில் வழக்குப் போட்டார்கள். 2017ல் சென்னை ஐகோர்ட்டு அரசாங்கத்தின் உத்தரவே சரி என்று சொல்லிற்று. 2023ல் கீட்டோபுரோஃபென், அசிக்ளோஃபெனாக் என்ற இன்னும் இரண்டு மருந்துகளுக்குத் தடை வந்தது. இந்த அசிக்ளோஃபெனாக் மாட்டின் உடம்புக்குள் போனதும் டைக்ளோஃபெனாக்காகவே மாறிவிடும். வேஷம் போட்டுக்கொண்டு வந்த பழைய ஆள்!

திருவள்ளூரும் திருக்கழுக்குன்றமும் 1997 வரை பழைய செங்கற்பட்டு ஜில்லாவில் ஒன்றாக இருந்த ஊர்கள். திருக்கழுக்குன்றத்து மலை மேல் உச்சிப் பொழுதில் இரண்டு கழுகுகள் வந்து பண்டாரத்தின் கையால் சோறு வாங்கித் தின்னும். காசியிலிருந்து வருவதாக ஜனங்கள் நம்பினார்கள். எங்கெங்கிருந்தோ வண்டி கட்டிக்கொண்டு பார்க்கப் போனார்கள். 1990களுக்குப் பிறகு அவை வரவில்லை. ஊர்ப் பெயரில் கழுகு இருக்கிறது. வானத்தில் இல்லை. எலும்புக்குப் பதிலாக இனி அந்தப் பெயர்தான் சாட்சி.

கழுகு போனால் யாருக்கு நஷ்டம்?

"கழுகு அபசகுனம். போனால் போகட்டும்" என்று சொல்கிறவர்கள் இருக்கிறார்கள். கருடனைக் கண்டால் கன்னத்தில் போட்டுக்கொள்கிற அதே கை, கழுகைக் கண்டால் கல்லை எடுக்கிறது. இது என்ன நியாயமோ தெரியவில்லை.

நஷ்டக் கணக்கைப் பார்க்கலாம். கழுகு தின்னாத பிணம் அழுகிக் கிடக்கும். தண்ணீரில் கலக்கும். நாய்கள் பெருகும். நாய் பெருகினால் வெறிநாய்க்கடி பெருகும். கழுகு இல்லாமல் போனதால், இந்தியாவில் 2000 முதல் 2005 வரை ஐந்து லட்சம் பேர் கூடுதலாக இறந்திருப்பார்கள் என்று இரண்டு பொருளாதார ஆராய்ச்சிக்காரர்கள் 2024ல் கணக்கிட்டுச் சொன்னார்கள். சம்பளம் கேட்காத தோட்டியை விரட்டிவிட்டு, அந்த வேலைக்கு நம் குழந்தைகளின் உயிரைக் கூலியாகக் கொடுத்திருக்கிறோம்!

"திருவள்ளூர் மாவட்டத்தில்தான் கழுகே இல்லையே, இங்கே கட்டுப்பாடு எதற்கு?" என்று கேட்கலாம். தமிழ்நாட்டில் கழுகுகள் மிஞ்சியிருப்பது முதுமலை, சத்தியமங்கலம் காடுகளை ஒட்டிய மோயாற்றுப் பள்ளத்தாக்கில்தான். ஆனால் மாடு ஒரே ஊரில் நிற்பதில்லை. சந்தைக்குச் சந்தை கைமாறிப் போகிறது. ஊசி போட்ட ஊர் ஒன்று, செத்து விழும் ஊர் ஒன்று. கழுகும் இரை தேடி ஒரே நாளில் நூறு கிலோமீட்டர் போகும். அது மட்டுமா? ராஜஸ்தானில் குளிர்காலத்துக்கு வந்த ராஜாளிகள் இரண்டு செத்துக் கிடந்தன. அறுத்துப் பார்த்தால் அவற்றின் உடம்பிலும் இதே மருந்து! மார்கழியில் நம் வானத்துக்கு வரும் விருந்தாளிகளும் இதே பந்தியில் உட்கார்ந்துவிடக் கூடும்.

நியூசிலாந்துக்காரர்களுக்கு மோவாவைத் திரும்ப வரவழைக்க வழி இல்லை. இங்கே அப்படி இல்லை. மாடும் இருக்கிறது, மாற்று மருந்தும் இருக்கிறது. 'மெலாக்சிகாம்' என்ற மருந்து மாட்டின் வலியையும் வீக்கத்தையும் குறைக்கிறது. கழுகுக்குக் கெடுதல் செய்வதில்லை என்று சோதித்துப் பார்த்திருக்கிறார்கள். பக்கத்து வீட்டுக்காரர் யோசனையைக் கேட்டு, மனிதருக்கான ஊசி மருந்தை வாங்கி மாட்டுக்குப் போடுவதை வீட்டுப் பெண்களே நிறுத்திவிடலாம். பால் கறக்கிறவர்களும் மாட்டின் நோவை முதலில் கண்டுபிடிக்கிறவர்களும் அவர்கள்தானே? மாட்டு டாக்டர் ஊசியைக் கையில் எடுக்கும்போது, "ஐயா, இது மெலாக்சிகாம்தானுங்களா?" என்று ஒரு வார்த்தை கேட்டால் கோபித்துக்கொள்ள மாட்டார். புட்டியின் மேல் பெயர் எழுதியிருக்கும். பள்ளிக்கூடம் போகிற பிள்ளையைக் கூப்பிட்டால் படித்துச் சொல்லும்.